கியோட்டோவில் ஒரு சமையல் வகுப்பு

பத்திரிகைத் தொழிலில் முப்பது வருடங்களுக்கு மேல் கழித்துவிட்டேன். அமைச்சர்களிடமும் அதிகாரிகளிடமும் கேட்பதற்குக் கூச்சப்பட்ட கேள்விகள் மிகக் குறைவு. ஆனால் ஒருவருடைய வீட்டில் இலைக்கு முன்னால் அமர்ந்துகொண்டு, "இதற்குள் என்ன போட்டிருக்கிறீர்கள்?" என்று கேட்பது எவ்வளவு கடினமான காரியம் என்பதை என் மனைவியின் நோய்தான் எனக்கு உணர்த்தியது.

எங்களுடையது சைவச் சாப்பாட்டுக் குடும்பம். மச்சம் மாமிசம் வீட்டுக்குள் வருவதில்லை. கொழும்பில் வசிக்கும் சைவக்காரர் எல்லோருக்கும் ஒரு கேள்வி மனப்பாடமாக இருக்கும். "தம்பி, சம்பலுக்கு மாசி போட்டதோ?" என்பதுதான் அது. தேங்காய்ச் சம்பல், வெங்காயச் சம்பல், சில இடங்களில் பருப்புக் கறியில்கூட மாலைதீவின் மாசிக் கருவாடு தூளாகக் கலந்திருக்கும். கண்ணுக்குத் தெரியாது. போடுகிறவருக்கு அது மீன் என்ற நினைப்பே இருக்காது. உப்பு, தேசிக்காய் போல அதுவும் ஒரு சுவையூட்டி, அவ்வளவுதான். ஆகவே நாங்கள் கேட்டுப் பழகியவர்கள்.

இந்தப் பழக்கத்துக்கு மேலே இன்னொன்று வந்து சேர்ந்தது. ஐம்பது வயதை அண்டிய காலத்தில் என் மனைவி மெலியத் தொடங்கினார். இரத்தசோகை, ஓயாத வயிற்றுப் பொருமல், களைப்பு. பல மாதப் பரிசோதனைகளின் முடிவில் சீலியாக் நோய் என்று சொன்னார்கள். கோதுமை, பார்லி, ரை ஆகிய தானியங்களில் இருக்கும் குளூட்டன் என்ற புரதம் உள்ளே போனதும், உடலின் எதிர்ப்புச் சக்தியே தன் சிறுகுடலைத் தாக்கத் தொடங்கிவிடும். மருந்து இல்லை. அந்தத் தானியங்களை வாழ்நாள் முழுவதும் விலக்குவதுதான் மருத்துவம். அதுவும் முற்றாக விலக்கவேண்டும். பாண் வெட்டிய கத்தியால் பழம் வெட்டினாலும் பாதிப்பு வரலாம்.

சோறும் இடியப்பமும் பிட்டும் உண்கிற எங்களுக்கு இதில் என்ன கஷ்டம் என்று பலர் கேட்டார்கள். எங்கள் ஊரில் கோதுமை மாவை "அமெரிக்கன் மா" என்று சொல்லும் பழக்கம் ஒரு தலைமுறைக்கு இருந்தது. அந்நிய மா என்று பெயரிலேயே சொல்லிக்கொண்டு, இடியப்பத்திலும் பிட்டிலும் அரிசி மாவோடு அதைக் கலக்கவும் பழகிக்கொண்டோம். இதைவிட வேடிக்கை பெருங்காயம். கடையில் விற்கும் கூட்டுப் பெருங்காயத்தின் பெரும்பகுதி பெருங்காயமே அல்ல. பிசினோடு மாவைச் சேர்த்துத்தான் அதைச் செய்கிறார்கள், அந்த மா பெரும்பாலும் கோதுமை மா. சைவச் சமையலின் சாம்பாரிலும் இரசத்திலும் மணக்கும் பொருளுக்குள்ளேயே என் மனைவிக்கு ஆகாத பொருள் ஒளிந்திருந்தது.

நோயைக் காட்டிலும் அவரை வருத்தியது வேறு ஒன்று. கலியாண வீட்டுக்குத் தன் சாப்பாட்டைப் பெட்டியில் கொண்டுபோனால், எங்கள் வீட்டுச் சாப்பாடு அவவுக்குப் பிடிக்காதாம் என்று பேசினார்கள். கொண்டுபோகாமல் கேள்வி கேட்டால், நாங்கள் என்ன நஞ்சா வைப்போம் என்று முகம் சுளித்தார்கள். மெல்ல மெல்ல அவர் விருந்துகளுக்குப் போவதையே நிறுத்திக்கொண்டார். உணவை விலக்கப்போய் உறவும் விலகுவதை அருகிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

2023 ஆம் ஆண்டு ஜூன் மாதம், கியோட்டோவில் மேற்படிப்புப் படிக்கும் எங்கள் மகளைப் பார்க்கப் புறப்பட்டோம். "நான் வந்து உங்களுக்கெல்லாம் கரைச்சல் தரேல்லை, நீங்கள் போட்டு வாங்கோ" என்று கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார் மனைவி. மகளின் பிடிவாதத்தால்தான் வந்தார்.

*

ஜப்பானியச் சமையலில் சைவக்காரருக்கு வரும் சங்கடம் தட்டில் தெரிவதில்லை. அது தண்ணீரில் இருக்கிறது. தஷி என்னும் அடிச்சாறுதான் அந்தச் சமையலின் அத்திவாரம். மிசோச் சாறு, அவித்த மரக்கறி, நூடில்ஸ் குழம்பு, முட்டைப் பொரியல், தொட்டுக்கொள்ளும் திரவம் எல்லாவற்றிலும் அது நிற்கும். பெரும்பாலும் அதைக் கொம்பு என்ற கடற்பாசியையும் கட்சுவோபுஷி என்ற கருவாட்டுச் சீவலையும் கொண்டு ஆக்குகிறார்கள். வெறும் கீரையை அவித்து வைத்திருக்கிறார்களே என்று எடுத்தால், அந்தக் கீரை மீன்சாற்றில் ஊறியிருக்கும்.

கியோட்டோவின் நிஷிகி சந்தையில் கட்சுவோபுஷி விற்கும் கடையொன்றின் முன்னால் நின்றபோது, புறக்கோட்டை மொத்தக் கடைகளின் வாசனை மூக்கில் ஏறியது. அது வெறும் பிரமை அல்ல. மாசியும் கட்சுவோபுஷியும் ஒரே மீனிலிருந்து வருபவை. சூரை இனத்தைச் சேர்ந்த அந்த மீனை அவித்து, புகையூட்டி, கட்டைபோல் காயவைப்பது இரு நாடுகளுக்கும் பொதுவான முறை. ஜப்பானியர் உயர்ந்த வகைக்கு அதன்மேல் ஒருவகைப் பூஞ்சையையும் வளர்த்துப் பதப்படுத்துகிறார்கள். மாலைதீவுக்கும் ஜப்பானுக்கும் இடையில் எத்தனை கடல்கள்! ஆனாலும் கறிக்குள் மறைந்திருந்து சுவையூட்டும் கட்டைக் கருவாடு இரண்டு இடத்திலும் ஒன்றுதான்.

ஏன் இந்த நாட்டில் மீனை யாரும் மாமிசமாக எண்ணுவதில்லை என்று மகளிடம் கேட்டேன். கி.பி. 675 இல் தென்மு பேரரசர் மாடு, குதிரை, நாய், குரங்கு, கோழி ஆகியவற்றை உண்பதற்குத் தடை விதித்தார். பௌத்தத்தின் செல்வாக்கு அது. ஆனால் அந்தப் பட்டியலில் மீன் இல்லை. மெய்ஜி பேரரசர் 1872 இல் மாட்டிறைச்சி உண்டதை வெளிப்படையாக அறிவிக்கும்வரை, ஏறத்தாழ ஆயிரத்து இருநூறு ஆண்டுகளாக இறைச்சி ஒதுக்கப்பட்டும் மீன் ஏற்கப்பட்டும் வந்த சமூகம் இது. "இறைச்சி இல்லை" என்று பரிமாறுபவர் சொல்வது உண்மைதான். நாம் கேட்கவேண்டிய கேள்வி அதுவல்ல.

என் மனைவிக்கோ இதனிலும் பெரிய வலை விரிந்திருந்தது. ஷோயு எனப்படும் சோயாச் சாறு பெயரளவில்தான் சோயா. பொதுவாகப் புழங்கும் வகையில் சோயா அவரையும் கோதுமையும் ஏறக்குறையச் சரிபாதி. மிசோவில் அரிசி வகையும் உண்டு, பார்லி வகையும் உண்டு. சோபா நூடில்ஸ் மரக்கோதுமையில் செய்தது என்பார்கள். மரக்கோதுமை பெயரில் மட்டுமே கோதுமை, அதில் குளூட்டன் இல்லை. ஆனால் பெரும்பாலான சோபாவில் ஐந்தில் ஒரு பங்கோ அதற்கு மேலோ உண்மையான கோதுமை மா கலந்திருக்கும். கோடைகாலமாதலால் உணவகங்களில் தண்ணீருக்குப் பதிலாகக் குளிர்ந்த முகிச்சா வைத்தார்கள். அது வறுத்த பார்லியில் வடித்த தேநீர். குடிக்கும் தண்ணீரையும் விசாரித்துக் குடிக்கவேண்டிய நிலை.

முதல் மூன்று நாட்கள் அவர் வெறும் சோறும் பழமும் அவித்த சோயா அவரையும் சாப்பிட்டார். நாலாம் நாள் மகள் ஒரு சமையல் வகுப்பைத் தேடிப் பதிவு செய்தாள். விசேட உணவுக் கட்டுப்பாடு உள்ளவர்களுக்காகவே நடத்தப்படும் வகுப்பு. பழைய மரவீடொன்றில், அறுபது வயதைக் கடந்த ஓர் அம்மையார் தன் சமையலறையிலேயே நடத்துகிறார்.

*

பதிவு செய்ததும் ஒரு விண்ணப்பப் படிவம் வந்தது. எதை உண்ணமாட்டீர்கள் என்பதோடு அது நிற்கவில்லை. காரணம் நோயா, சமயமா, விருப்பமா? அந்தப் பொருள் சமைத்த பாத்திரத்தில் உங்களுக்குச் சமைக்கலாமா? அதே எண்ணெயில் பொரிக்கலாமா? ஒரே மேசையில் அது இருந்தால் ஆட்சேபமா? என் மனைவி அந்தப் படிவத்தை இரண்டு தடவை வாசித்தார். பிறகு, "இஞ்சேருங்கோ, இவ்வளவு காலத்திலை என்னட்டை ஒருத்தரும் இப்பிடிக் கேக்கேல்லை" என்றார். கேள்வி கேட்பவர் தான்தான் என்று இருந்த ஒருவரிடம் முதன்முறையாக எதிர்த்தரப்பு கேள்வி கேட்டிருந்தது.

வகுப்பில் நாங்கள் ஆறு பேர். முட்டை ஒத்துக்கொள்ளாத ஓர் அவுஸ்திரேலிய இளைஞர், மது கலந்த எதையும் தொடாத ஒரு மலேசிய முஸ்லிம் பெண், தாவர உணவை மட்டும் உண்ணும் ஓர் ஐரோப்பியப் பெண், நாங்கள் மூவர். ஆசிரியையை எல்லோரும் சென்செய் என்று அழைத்தோம். மகள் மொழிபெயர்த்தாள்.

சென்செய் முதலில் இரண்டு கிண்ணங்களில் சாறு ஊற்றித் தந்தார். ஒன்று கொம்புச் சாறு. மற்றது உலர்ந்த ஷீதாக்கே காளானின் சாறு. தனித்தனியே இரண்டும் மெல்லிய சுவைதான், கடல் வாசமும் காட்டு வாசமும். பிறகு இரண்டையும் கலந்து தந்தார். அது முற்றிலும் வேறொரு பானம். நாக்கின் அடிவரை போய் நிறைந்தது.

இதற்கு விஞ்ஞானம் உண்டு. 1908 இல் டோக்கியோ பல்கலைக்கழகப் பேராசிரியர் இகெடா கிகுனாயே, கொம்புச் சாற்றின் சுவைக்குக் குளூட்டமிக் அமிலமே காரணம் என்று கண்டறிந்து, அச்சுவைக்கு உமாமி என்று பெயரிட்டார். 1913 இல் அவருடைய மாணவர் கொடாமா ஷிந்தாரோ, கருவாட்டிலுள்ள இனோசினிக் அமிலத்தைக் கண்டார். 1957 இல் குனினாகா அகிரா, ஷீதாக்கேயிலுள்ள குவானிலிக் அமிலமும் உமாமி தருவது என்று காட்டினார். குளூட்டமிக் அமிலத்தோடு பின்னைய இரண்டில் ஒன்று சேர்ந்தால் சுவை கூட்டலாக அல்லாமல் பெருக்கலாக உயரும் என்பதும் அவர் ஆய்வின் முக்கிய முடிவு. ஆகவே கருவாடு செய்கிற வேலையைக் காளானும் செய்யும். மீனை நீக்கியதால் வந்த குறை அங்கே இல்லை. இது இன்னொரு வழியால் அடைந்த அதே இடம்.

ஆய்வுகூடம் இதைச் சொல்வதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே பௌத்த மடங்களின் அடுப்படிகள் இதை அறிந்திருந்தன. மடத்துச் சமையலுக்கு ஷோஜின் ரியோரி என்று பெயர். ஷோஜின் என்பது வீரியம் என்ற வடசொல்லுக்குச் சீன மொழியில் இட்ட பெயர்ப்பு. விடாமுயற்சி என்று பொருள். மீனும் இறைச்சியும் கிடையாது, எங்கள் விரதச் சமையல் போலவே வெங்காயமும் உள்ளியும் கிடையாது. சென் பௌத்த ஆசான் தோகென் 1223 இல் சீனத்துக்குப் போனபோது, துறைமுகத்தில் நின்ற கப்பலுக்கு ஒரு முதிய துறவி ஜப்பானியக் காளான் வாங்க வந்தாராம். அசோகரின் பெயரைச் சீன மொழியில் தாங்கிய மலைமடம் ஒன்றின் தலைமைச் சமையற்காரர் அவர். இந்த வயதில் தியானத்தை விட்டு அடுப்போடு ஏன் மல்லுக்கட்டுகிறீர்கள் என்று இளைஞர் தோகென் கேட்க, சாதனை என்றால் என்னவென்று உமக்கு இன்னும் விளங்கவில்லை என்ற கருத்தில் கிழவர் சிரித்தாராம். அந்தச் சிரிப்பை மறக்காத தோகென், 1237 இல் மடத்துச் சமையற்காரருக்கென்றே ஒரு நூல் எழுதினார்.

அப்படியானால் மடத்துச் சமையலே எங்களுக்குப் போதுமே என்றேன். சென்செய் தலையை ஆட்டினார். ஷோஜின் சமையலில் ஃபூ என்று ஒரு பொருள் உண்டு. கோதுமை மாவைப் பிசைந்து கழுவி, மாப்பொருள் போனபின் மிஞ்சும் பசையில் செய்வது. கியோட்டோவின் பெருமைகளில் ஒன்று. அதாவது கலப்பற்ற குளூட்டன். எனக்கு அமுதான அதே தட்டில் என் மனைவிக்கு நஞ்சு. கட்டுப்பாடு உள்ளவர்கள் என்று எல்லோரையும் ஒரே பெட்டியில் போட முடியாது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் இல்லை.

*

அதன்பின் மூன்று மணிநேரம் நடந்ததை ஒரே சொல்லில் சுருக்கினால், "ஏன்?" என்பதுதான். ஒரு பொருளை நீக்குமுன் அது அங்கே ஏன் இருக்கிறது என்று கேட்கச் சொன்னார் சென்செய்.

மிரின் என்ற இனிப்பு அரிசி மது ஏன் ஊற்றப்படுகிறது? இனிப்புக்கு, பளபளப்புக்கு, மீன் வாடையைப் போக்குவதற்கு. மீனே இல்லாத சமையலில் மூன்றாவது தேவை இல்லை. மற்ற இரண்டுக்கும் சீனியும் கொம்புச் சாறும் போதும். மலேசியப் பெண்ணின் கத்தரிக்காய் அப்படித்தான் மினுங்கியது.

தெம்புரா மாவுக்குக் குளிர்ந்த தண்ணீர் ஏன்? அதை அதிகம் கலக்கக்கூடாது என்பது ஏன்? கோதுமையின் குளூட்டன் இழுபட்டுப் பசையாகி, பொரியல் சவ்வாகிவிடும் என்ற பயத்தால். அரிசி மாவில் குளூட்டன் இல்லை. ஆகவே அந்தப் பயமும் இல்லை. மா அடியில் படியாமல் ஒவ்வொரு முறையும் கலக்கிவிட்டால் போதும், முட்டையும் வேண்டாம். பூசணியும் தாமரைக் கிழங்கும் மொறுமொறுவென்று வந்தன. நோய்க்காக விட்டுக்கொடுத்த சமையல் என்று யாரும் அதைச் சொல்ல முடியாது.

சோயாச் சாற்றுக்குப் பதில் தமாரி. மிசோ செய்யும்போது வடியும் சாற்றிலிருந்து பிறந்தது அது. பெரும்பாலும் சோயா மட்டும்தான், ஆனால் சில உற்பத்திகளில் சிறிது கோதுமை சேரும் என்பதால் போத்தலைப் படித்தே வாங்கவேண்டும். சுவை தடிப்பானது, குறைவாக விட்டால் போதும்.

போத்தலைப் படிப்பது எப்படி என்பதும் பாடத்தில் இருந்தது. பொதியிட்ட உணவில் கோதுமை இருந்தால் குறிப்பிடவேண்டும் என்று ஜப்பானியச் சட்டம் 2002 முதல் கட்டாயப்படுத்துகிறது. முட்டை, பால், மரக்கோதுமை, நிலக்கடலை ஆகியவை அதனோடு சேர்ந்தவை. 2008 இல் இறாலும் நண்டும், 2023 இல் வால்நட்டும் இணைந்தன. ஆனால் அந்தப் பட்டியலில் பார்லி இல்லை. உணவகத் தட்டுக்கும் அந்தச் சட்டம் பொருந்தாது. எனவே சென்செய் ஒரு தாளில் இரண்டே எழுத்துகளை எழுதினார். ஒன்று "முகி". கோதுமைக்கு கொமுகி, பார்லிக்கு ஓமுகி. இரண்டிலும் அதே எழுத்து வரும். மற்றது மீனுக்குரிய எழுத்து. கட்சுவோவைக் குறிக்கும் எழுத்தின் இடப்பக்கத்திலும் அந்த மீன் ஒட்டிக்கொண்டிருக்கும். சில பொதிகளில் இவற்றை ஒலியெழுத்தில் எழுதுவார்கள், ஏமாறவேண்டாம் என்றும் எச்சரித்தார். "தஷி சேர்த்தது" என்று விற்கும் மிசோவிலும், உடனடிச் சாற்றுத் தூளிலும் பெரும்பாலும் கருவாடு இருக்கும் என்றார். ஜப்பானிய மொழியில் ஒரு வாக்கியமும் தெரியாத என் மனைவி, மிஞ்சிய நாட்களில் கடைகடையாக அந்த இரண்டு எழுத்துகளையும் கண்டுபிடித்துக்கொண்டே நடந்தார்.

கடைசிப் பதார்த்தம் கோமா தோஃபு. பெயரில்தான் தோஃபு, சோயா கிடையாது. அரைத்த எள்ளு, குட்சு என்னும் கொடியின் கிழங்கு மா, கொம்புச் சாறு மூன்றையும் சேர்த்து, அடுப்பில் வைத்து இடைவிடாமல் கிண்டவேண்டும். அவுஸ்திரேலிய இளைஞரின் கை ஐந்தே நிமிடத்தில் ஓய்ந்தது. மனைவி அகப்பையை வாங்கினார். "இது எங்கடை உழுத்தங்களி கிண்டுற மாதிரித்தானே!" கட்டி விழாமல், அடிபிடிக்காமல், ஒரே சீராகக் கை சுழன்றது. சென்செய் சற்று நேரம் நின்று அந்தக் கையையே பார்த்தார். பிறகு மகளிடம் ஏதோ சொன்னார். "அம்மா, மற்ற ஆக்கள் எல்லாரையும் வந்து உங்கடை கையைப் பாக்கச் சொல்லுறா" என்றாள் மகள்.

எல்லோரும் அடுப்பைச் சுற்றி நின்றார்கள். பல வருடங்களாக விருந்துகளில் கரைச்சல் பிடித்த விருந்தாளியாக ஒதுங்கி நின்ற ஒரு பெண், உலகத்தின் மறுகோடியில் நாலு நாட்டுக்காரருக்கு அகப்பை பிடிக்கச் சொல்லிக்கொடுத்தார். பிறகு ஆறு பேரும் ஒரே மேசையில் ஒரே சாப்பாட்டைச் சாப்பிட்டோம். தனித்தட்டு ஒருவருக்கும் இல்லை. நான் எழுத விரும்பியது உண்மையில் அந்த ஒரே மேசையைப் பற்றித்தான்.

*

வாசகர்களில் சிலருக்குப் பயன்படும் என்பதால் அந்த அடிச்சாற்றின் முறையையும் எழுதிவிடுகிறேன். ஒரு லீற்றர் தண்ணீருக்குப் பத்துக் கிராம் கொம்பும் நாலு உலர்ந்த ஷீதாக்கேயும். கொம்பின் மேலிருக்கும் வெண்பூச்சைக் கழுவக்கூடாது, ஈரத்துணியால் இலேசாகத் துடைத்தால் போதும், சுவை அதில்தான் இருக்கிறது. இரண்டையும் குளிர்சாதனப் பெட்டியில் ஓர் இரவு ஊறவிட்டு, மெல்லிய நெருப்பில் சூடாக்கி, கொதி வருமுன் கொம்பை எடுத்துவிடவேண்டும். கொதித்தால் வழுவழுப்பும் கசப்பும் வரும். காளானைச் சிறிது கூட நேரம் விடலாம். கொம்பில் அயடீன் மிக அதிகம் என்பதால் தைரொயிட் நோயுள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் இதைப் பழக்கமாக்கவேண்டாம். புலம்பெயர்ந்த நாடுகளின் ஆசியக் கடைகளில் இரண்டும் கிடைக்கும். எங்கள் வீட்டில் இப்போது மரக்கறிச் சொதிக்கும் இரசத்துக்கும் பெருங்காயம் இல்லாத குறையை இந்தச் சாறுதான் தீர்க்கிறது.

நாம் விருந்தோம்பலில் பெயர் பெற்றவர்கள். வந்தவரை "இன்னும் கொஞ்சம் போடுங்கோ, சாப்பிடுங்கோ" என்று வற்புறுத்துவதே அன்பின் அடையாளம் என்று வளர்ந்தவர்கள். அந்த அன்பில் குறையில்லை. ஆனால் அது இலை போட்ட பிறகுதான் பேசத் தொடங்குகிறது. நீரிழிவு, இரத்த அழுத்தம், சிறுநீரக நோய், ஒவ்வாமை என்று ஏதோ ஒரு கட்டுப்பாடு இல்லாத வீடு இன்று நம்மிடையே அரிது. அழைப்பிதழ் கொடுக்கும்போதோ, தொலைபேசியில் வரச்சொல்லும்போதோ, "உங்களுக்கு ஒத்துக்கொள்ளாதது ஏதும் உண்டோ?" என்ற ஒரு கேள்வியைச் சேர்த்துக்கொள்ள அதிகம் செலவாகாது. வீட்டுக்காரர் முந்திக்கொண்டு கேட்டுவிட்டால், விருந்தாளி கூச்சத்தோடு கேட்கவேண்டிய அவசியம் இராது. சாப்பாட்டுப் பெட்டியை வீட்டிலேயே வைத்துவிட்டு அவர் வரலாம்.